யாரும் இல்லாத ஊருக்கு

எனக்கு ஊர்களை ஆழத்தை வைத்துத்தான் தெரியும். ஓர் ஊரின் பெயரைச் சொன்னால், அங்கே எத்தனை அடியில் ஈரம் தட்டும், எங்கே பாறை கறுப்பாகும், எங்கே கடைசிவரை வெறும் புழுதிதான் வரும் என்பதுதான் முதலில் நினைவுக்கு வரும். திருச்செங்கோட்டுப் பக்கத்தில் பள்ளிக்கூடம் ஒத்துவராத பையன்களுக்கு ரிக் வண்டியில் எப்போதும் ஓர் இடம் உண்டு. நான் ஒன்பதாம் வகுப்பு முழுப் பரீட்சைக்குப் போகாமல் ஏறிவிட்டேன். போர்வெல் போடுகிற அந்த லாரிகள் போகாத மாநிலம் குறைவு. ஆந்திரா, சத்தீஸ்கர், மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான் என்று சுற்றினேன். லாரிக்கு அடியில் தார்ப்பாய் விரித்துத் தூங்குவோம். கம்ப்ரசர் சத்தம் தூக்கத்திலும் காதுக்குள் ஓடிக்கொண்டிருக்கும். குவாலியரில் கோட்டை மலையின் அடிவாரத்திலேயே வேலை நடந்தது. நான் அங்கே அண்ணாந்து பார்த்ததெல்லாம் துளை போடும் ராடு நேராக இறங்குகிறதா என்பதைத்தான். அந்தக் கோட்டை என்ன நிறம் என்று கேட்டால் இன்றைக்கும் எனக்குச் சொல்லத் தெரியாது.

ஹைதராபாத்துக்கும் பூமிக்கு அடியில் பார்க்கத்தான் வந்தேன். கம்ப்யூட்டர் கம்பெனிகள் வந்து, அவற்றில் வேலை பார்ப்பவர்களுக்காக மாதாப்பூர், கொண்டாப்பூர் பக்கமெல்லாம் அடுக்குமாடி வீடுகள் எழும்பிக்கொண்டிருந்த காலம். எந்தக் கட்டடமானாலும் முதலில் கூப்பிடுவது எங்களைத்தான். அப்படி ஓர் இடத்தில் ராடு நழுவி என் வலது கையில் இரண்டு விரல்கள் நசுங்கின. ஒன்றை எடுத்துவிட்டார்கள். இன்னொன்று மடங்காமல் நின்றுவிட்டது. ரிக் வேலைக்கு அந்தக் கை ஆகாது, ஸ்டியரிங் பிடிக்க ஆகும். லாரி நாக்பூருக்குக் கிளம்பியது, நான் இறங்கிக்கொண்டேன்.

சனத்நகரில் பழைய லேத் பட்டறை ஒன்றை வேன் நிறுத்தும் ஷெட்டாக மாற்றியிருந்த ஒருவரிடம் டிரைவராகச் சேர்ந்தேன். வார நாட்களில் கம்பெனி ஆட்களை வீட்டிலிருந்து ஏற்றிக்கொண்டுபோய் ஹைடெக் சிட்டியில் இறக்க வேண்டும். சனி, ஞாயிறில் சும்மா நிற்கும் அதே வேனை அதே ஆட்கள் ஊர் சுற்ற எடுத்துக்கொள்வார்கள். நான் சொல்ல வந்தது அந்தச் சனி, ஞாயிறுகளைப் பற்றி.

அவர்களுக்கு என் வயதுதான் இருக்கும். வெள்ளிக்கிழமை சாயங்காலம் கழுத்தில் கம்பெனி அட்டை தொங்க நேராக வேனுக்கு வந்து ஏறுவார்கள். முதுகில் ஒரு பை, அந்தப் பைக்கு மழை வந்தால் போட ஒரு தனிச் சட்டை. ஏறுகிறவர்களில் பாதிப் பேருக்கு மற்ற பாதிப் பேரைத் தெரியாது. இன்டர்நெட்டில் அவர்களுக்கு ஒரு குழு இருந்தது. இந்த வாரம் நான் இங்கே போகிறேன் என்று ஒருவன் எழுதுவான், நானும் நானும் என்று மற்றவர்கள் பதில் எழுதுவார்கள், வேன் நிரம்பிவிடும். மாதாப்பூரில் பேர் கேட்டுக் கைகொடுத்துக்கொண்டவர்கள் ஷம்ஷாபாத் தாண்டுவதற்குள் ஒரே பொட்டலத்தில் கை விட்டுத் தின்பார்கள்.

போகிற இடத்தைப் பற்றி என்னிடம் கேட்கும் கேள்விகளும் விசித்திரமானவை. தங்க இடம் உண்டா என்று கேட்கமாட்டார்கள். அங்கே கூட்டம் வராதில்லையா என்று கேட்பார்கள். சாப்பாடு கிடைப்பது கஷ்டம் என்று சொன்னால் முகம் மலரும். ஸ்ரீசைலம் போகும் வழியில் நல்லமலைக் காட்டுக்குள் ஒரு தடவை வேனை நிறுத்தச் சொன்னார்கள், இஞ்சினையும் அணைக்கச் சொன்னார்கள். பிறகு யாரும் இறங்கவில்லை, பேசவுமில்லை. வண்டியில் ஏதோ கோளாறு என்று நினைத்து நான் பானெட்டைத் திறக்கப் போனேன். பின் சீட்டிலிருந்து ஒருவன் மெதுவாக, ஒன்றுமில்லை அண்ணா, சும்மா கேட்டுக்கொண்டிருக்கிறோம் என்றான். எதைக் கேட்கிறீர்கள் என்றேன். அவன் காட்டைக் கையால் காட்டினான். நானும் கேட்டேன். முதலில் ஒன்றும் இல்லை. பிறகு, எங்கோ தூரத்தில், காய்ந்த இலைமேல் ஏதோ நடந்து போகிற சத்தம். கம்ப்ரசருக்குப் பக்கத்தில் ஆறு வருஷம் தூங்கிய என் காதுக்குள் அது இறங்கியபோது உடம்பு சிலிர்த்துவிட்டது.

நான் போன ஊர்களுக்கெல்லாம் என்னை யாராவது அனுப்பியிருந்தார்கள். இவர்களை யாரும் அனுப்பவில்லை. போகிற இடத்தில் இவர்களுக்கு வேலை கிடையாது, நேர்த்திக்கடன் கிடையாது, சொந்தக்காரர்கள் கிடையாது. ஆனாலும் போனார்கள். இப்படியும் ஊருக்குப் போகலாம் என்பது அதுவரை எனக்குத் தோன்றியதே இல்லை.

நான் குடியிருந்தது மல்காஜ்கிரியில், ஒரு ரயில்வேக்காரர் வீட்டு மொட்டைமாடியில், தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்து அறையில். அரக்கோணத்துக் குடும்பம். வீட்டுக்காரர் கன்ட்ரோல் ஆபீசில் வேலை பார்த்தார். அது என்ன வேலை என்று எனக்கு ரொம்ப நாள் புரியவில்லை. ஒரு நாள் அவரே சொன்னார். செகந்திராபாத்தில் ஓர் அறை. முன்னால் மேஜை அகலத்துக்குக் கட்டம் போட்ட தாள். ஒரு பக்கம் ஸ்டேஷன்கள், இன்னொரு பக்கம் மணி. வண்டி வந்தது, வண்டி போனது என்று ஒவ்வொரு ஸ்டேஷன் மாஸ்டரும் போனில் சொல்லச் சொல்ல இவர் பென்சிலால் கோடு இழுப்பார். கோடு சாய்ந்து ஏறினால் வண்டி ஓடுகிறது, படுத்துக் கிடந்தால் நிற்கிறது. கர்னூல் போகும் பாதை அவர் கையில் இருந்தது. அது ஒற்றைத் தண்டவாளம். எதிரெதிரே வரும் வண்டிகளில் எது பக்கத்து லைனில் ஒதுங்கி நிற்பது, எது போவது என்று அவர்தான் சொல்ல வேண்டும்.

அந்த வீட்டில் யாரும் டிக்கெட் வாங்கி நான் பார்த்ததில்லை. ரயில்வே பாஸ் உண்டு. பெட்டியைச் சங்கிலி போட்டு சீட்டுக்கு அடியில் கட்டி, வருஷா வருஷம் குடும்பத்தோடு போவார்கள். போவதெல்லாம் கல்யாணம், காதுகுத்து, சாவு. வீட்டுக்கார அம்மா பாதி இந்தியாவை ஜன்னல் வழியாகப் பார்த்தவர். ஆனால் அத்தனையும் யாரோ ஒருவர் வீட்டுக்குப் போகிற வழி. நான் திங்கள்கிழமை சிவந்த கண்ணோடு வந்து நின்றால், எந்த ஊருக்குப் போனாய் என்று கேட்பார். சொல்வேன். உடனே அடுத்த கேள்வி வரும், அங்கே யார் இருக்கிறார்கள் என்று. வேனில் வந்தவர்களுக்கு அங்கே யாரும் இல்லை என்பேன். அப்புறம் எதற்குப் போனார்கள் என்று கேட்டுவிட்டு, என் பதிலுக்கு நிற்காமல் உள்ளே போய்விடுவார்.

அவர்களுக்கு ஒரே மகள். கம்பெனியில் டெஸ்டிங் வேலை. என் வேனில்தான் தினமும் போய் வருவாள். ஹைதராபாத்திலேயே படித்து வளர்ந்தவள், தமிழில் கேட்டால் பாதி தமிழிலும் மீதி வாய்க்கு வந்த மொழியிலும் பதில் சொல்வாள். ஆமாம் என்பதற்கு ஹவ், இல்லை என்பதற்கு நக்கோ. நான் எங்கள் ஊர் வழக்கப்படி அம்மிணி என்று கூப்பிடுவேன். வேனில் இருந்த மற்றவர்களும் அதையே பிடித்துக்கொண்டு அவளைக் கேலி செய்தார்கள்.

அந்த வருஷம் அவள் வீட்டில் ஒன்று கேட்டாள். நவம்பரில் மேகாலயாவுக்குப் போக வேண்டும். அங்கே உயிரோடிருக்கும் மரத்தின் வேர்களைப் பின்னிப் பின்னி, ஆற்றின் குறுக்கே பாலமாக வளர்த்து வைத்திருக்கிறார்களாம். அதில் நடந்து பார்க்க வேண்டும். தனியாக. பொங்கலுக்குப் பிறகு மாப்பிள்ளை பார்க்கத் தொடங்குவதாக வீட்டில் பேச்சு இருந்தது. நவம்பரை விட்டால் அப்புறம் யாரைக் கேட்டுக்கொண்டு போக வேண்டியிருக்குமோ என்பது அவளுக்கும் தெரியும், பெற்றோருக்கும் தெரியும். அதனால் அந்தப் பேச்சு வீட்டில் பல நாள் நடந்தது. மாடியில் துணி காயப்போடும்போதுகூட எனக்குக் கேட்கும். அம்மா அழுதார். அப்பா கத்தவில்லை.

“தனியா நீ மல்காஜ்கிரி தாண்டி ஒரு ஸ்டேஷன் போனதில்ல. எடுத்ததும் அசாம் பக்கமா?” என்று மட்டும் கேட்டார்.

 அது உண்மைதான். பாஸில் நாடு முழுக்கச் சுற்றியிருந்தாள், ஒரு தடவைகூடத் தனியாக இல்லை.

கடைசியில் அவர் ஒரு வழி சொன்னார். அக்டோபரில் அந்தக் குழு கண்டிகோட்டாவுக்குப் போவதாக இருந்தது, என் வேனில்தான். முதலில் அதில் போய் வரட்டும், மற்றதை அப்புறம் பேசலாம் என்றார். கிளம்புவதற்கு முன்தினம் மாடிக்கு வந்து என்னிடம் சொன்னார்.

“நீ ஓட்ற வண்டின்றதாலதான் அனுப்புறேம்ப்பா. கூட்டினு போயி கூட்டினு வந்துடு.”

“சரிங்க சார். நான் பாத்துக்கறனுங்க,” என்றேன்.

கர்னூல் தாண்டி, பனகானப்பள்ளி வழியாக ஜம்மலமடுகு போய்ச் சேர்ந்தபோது சனிக்கிழமை மத்தியானம். அங்கிருந்து கொஞ்ச தூரத்தில் மலை மேல் பழைய கோட்டை, உள்ளே சின்னக் கிராமம். அந்தக் காலத்தில் அங்கே அவ்வளவாக யாரும் வரமாட்டார்கள். தங்க இடம் எதுவும் சொல்லி வைக்கவில்லை. மலை ஏறுவதற்கு முன் அப்பாவிடமிருந்து அவளுக்குப் போன் வந்தது. ரூம் போட்டாச்சா என்று கேட்டிருக்க வேண்டும். “ஹவ்ப்பா, போட்டாச்சு,” என்று சொல்லி, வேனின் கூரையில் சுருட்டிக் கட்டியிருந்த கூடாரத் துணியை எனக்குக் கண்ணால் காட்டினாள்.

ஒரு மசூதியையும் ஓர் இடிந்த கோயிலையும் தாண்டி, பாறைகள் மேல் ஏறி அவர்களுக்குப் பின்னால் நானும் போனேன். பாறை சட்டென்று முடிந்துவிட்டது. கீழே பெண்ணா நதி. அதன் இரண்டு கரையிலும் சிவப்புப் பாறை நேர்க்குத்தாக நின்றது. ஆறு அந்த மலையை அறுத்துக்கொண்டு வளைந்து போயிருந்தது. வழியெல்லாம் பாட்டும் கூச்சலுமாக வந்தவர்கள் ஒருவர் பின் ஒருவராக உட்கார்ந்துவிட்டார்கள். 

நான் எதிர்க்கரையைப் பார்த்துக்கொண்டே நின்றேன். அந்தச் சுவரில் அடுக்கடுக்காகக் கோடுகள். மேலே செம்மண், அதற்குக் கீழே பழுப்பு, அப்புறம் கருஞ்சிவப்பு, இடையில் ஒரு மெல்லிய வெளுப்பு, மறுபடி கறுப்பு. எனக்கு அவற்றைத் தெரியும். பூமிக்குள் ராடு இறங்க இறங்க வெளியே பறக்கும் புழுதி இந்த வரிசையில்தான் நிறம் மாறும். மூக்கில், இமையில், சாப்பாட்டுத் தட்டில் படிந்த அந்தப் புழுதியை வைத்துத்தான் கீழே என்ன இருக்கிறது என்று ஊகிப்போம். கீழே இருப்பதை நான் பார்த்ததே இல்லை. இங்கே அது முழுதாகத் திறந்து, வெயிலில், ஒரு மைல் நீளத்துக்கு நின்றுகொண்டிருந்தது. இத்தனை வருஷம் இதற்குள்ளேதான் துளை போட்டுக்கொண்டிருந்தேனா என்று நினைத்தேன். நானும் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். வெயில் இறங்க இறங்கப் பாறை தீப்பிடித்த மாதிரி ஆனது. அந்த இடத்துக்கு என்னை அழைத்துக்கொண்டு போனதற்கு அவர்களிடம் நான் நன்றி சொன்னதில்லை. டிரைவர் நன்றி சொன்னால் சிரிப்பார்கள் என்று நினைத்தேன்.

கொஞ்ச நேரம் கழித்து அவள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“அண்ணா, நீங்க ஃபர்ஸ்ட் டைம் தனியா எங்க போனீங்க?”

“தனியாப் போறதுன்னு ஒண்ணு இருக்குதுன்னே எனக்குத் தெரியாதுங்க அம்மிணி. கூட யாரும் இல்லாமப் போச்சு, போனேன்.”

அவள் அதைக் கேட்டுச் சிரிக்கவில்லை. தனக்கு அப்படி இல்லை, எங்கே போனாலும் கூட யாராவது இருக்கிறார்கள், அவர்கள் சாப்பிட்டார்களா, அவர்களுக்குக் கால் வலிக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருப்பதிலேயே ஊர் முடிந்துவிடுகிறது என்றாள். அந்தப் பாலத்தின் நடுவில், யார் முகத்தையும் பார்க்காமல், ஒரே ஒரு தடவை நிற்க வேண்டும் என்றாள்.

மறுநாள் சூரியன் எழுவதைப் பார்த்துவிட்டுக் கிளம்பினோம். கர்னூல் வந்து சேர்ந்தபோது மத்தியானச் சாப்பாட்டு நேரம் தாண்டியிருந்தது. ஸ்டேஷனுக்குப் பக்கத்தில் ஒரு மெஸ்ஸில் சாப்பிட்டோம். கை கழுவுகிற இடத்தில் அவள் என்னிடம் சொன்னாள்.

“அண்ணா, நான் இங்கேர்ந்து ட்ரெயின்ல வர்றேன்.”

“எல்லாருமா?”

“நக்கோ. நான் மட்டும்.”



“அப்பாகிட்டக் கூட்டியாறேன்னு சொல்லிப்போட்டனுங்க அம்மிணி.”

“வேன்ல போய் வேன்ல வந்தா, அது நீங்க ஓட்டினதுண்ணா. நான் எங்க போனேன்? நாளைக்கு அப்பா அதே கேள்வி கேப்பார். ஒரு ஸ்டேஷன் தனியா போயிருக்கியான்னு. நான் என்ன சொல்றது?”

 அவரிடம் இப்போதே போன் செய்து கேட்டுவிடலாம் என்றேன். கேட்டால் வேண்டாம் என்பார், அவர் வாயால் வேண்டாம் என்று சொல்லிவிட்டால் அதற்கு மேல் தன்னால் போக முடியாது என்றாள். ஏறி உட்கார்ந்த பிறகு சொல்லுங்கள், பொய் சொல்ல வேண்டாம், அவ்வளவுதான் என்றாள். கழுவிய கையையே மறுபடி மறுபடி கழுவிக்கொண்டிருந்தாள். இவ்வளவு பயத்தோடும் ஒருத்தி போகிறேன் என்று சொன்னால் அவளை எப்படித் தடுப்பது?

எல்லோரும் வழியனுப்ப ஸ்டேஷனுக்குள் வந்தார்கள். அவள் பையை மாட்டிக்கொண்டு டிக்கெட் கவுன்ட்டர் வரிசையைத் தாண்டி நேரே பிளாட்பாரத்துக்கு நடந்தாள். பின்னாலிருந்து ஒருவன், “அம்மிணி, டிக்கெட்?” என்றான். அப்படியே நின்றுவிட்டாள். பிறந்ததிலிருந்து பாஸில் போனவள். அந்தக் கவுன்ட்டரில் அவள் ஒரு தடவைகூடக் கை நீட்டியதில்லை. வேலைக்குச் சேர்ந்து சம்பளம் வாங்கத் தொடங்கிய பிறகு பாஸில் அவள் பெயர் கிடையாது என்பதும் நினைவில்லை. ரயில்வேக்காரர் மகள் வித்தவுட்டில் மாட்டப் பார்த்தாள் என்று சிரித்தார்கள். அவளும் சிரித்தாள், கண்ணில் தண்ணீர் வரும்வரை. பிறகு போய் வரிசையில் நின்றாள். அவள் முறை வந்தபோது என்ன கேட்க வேண்டும் என்று தெரியாமல், முன்னால் நின்ற பெண்ணைப் போலவே, “காச்சிகூடா ஒகடி,” என்று தெலுங்கில், ஹைதராபாத்தின் அந்த ஸ்டேஷனுக்கு ஒரு டிக்கெட் கேட்டாள்.

ஜெனரல் பெட்டி. உள்ளே இடித்துப் பிடித்து ஏறியவள் முகம் கொஞ்ச நேரத்தில் ஒரு ஜன்னலில் தெரிந்தது. வண்டி நகர்ந்தது. நான் போனை எடுத்தேன்.

அவருக்கு அன்றைக்கு மத்தியான டியூட்டி. எடுத்ததும் பின்னணியில் குரல்கள் கேட்டன. நான் ஒரே மூச்சில் சொல்லி முடித்தேன்.  எந்த வண்டி என்றார். சொன்னேன்.

“ஜெனரலா?”

“ஆமாங்க சார்.”

“சன்னல் கெடைச்சிதா?”

“கெடச்சுதுங்க.”

“சரி. நீ பாத்து ஓட்டினு வா.”

வைத்துவிட்டார். அந்தப் பாதை அவருடையது, அந்த நேரம் அவர் டியூட்டியில் இருக்கிறார் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவர் பென்சில் பிடித்திருக்கும் தாளில்தான் அவள் போய்க்கொண்டிருந்தாள்.

ஹைவே ஒரு பக்கம் போயிற்று, தண்டவாளம் கத்வால் பக்கம் விலகிப் போயிற்று. வேனில் எல்லோரும் தூங்கிவிட்டார்கள். ஜட்சர்லாவில் டீக்கு நிறுத்தியபோது அவளுக்குப் போன் செய்தேன், கிடைக்கவில்லை. அவருக்குச் செய்தேன், எடுக்கவில்லை. வேனில் வந்த ஒருவன் ஸ்டேஷனுக்குப் போய் விசாரித்துவிட்டு வந்து, அந்த வண்டி இன்னும் வரவில்லை, தாமதம் என்று மட்டும் சொன்னான். என் ரூம் பறிபோகலாம், வேலை போகலாம், அதெல்லாம் எனக்குப் பழக்கம்தான். அந்தப் பெண்ணுக்கு வழியில் ஏதாவது ஒன்று, ஒரு சின்னத் தொல்லை, ஒருவன் கை பட்டது என்று ஏதாவது நடந்திருந்தால் போதும், மேகாலயா முடிந்தது. அதற்கப்புறம் அவள் எங்கேயும் போக முடியாது. அதைத்தான் நினைத்துக்கொண்டே ஓட்டினேன்.

மல்காஜ்கிரியில் அந்த அம்மா கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றார். சொன்னேன். என்னைத் திட்டவில்லை.

“வண்டில அவ கூட யாரு இருக்காங்க?”

“யாருமில்லீங்கம்மா.”

அவர் அப்படியே மாடிப்படியில் உட்கார்ந்துவிட்டார். நான் நின்றுகொண்டே இருந்தேன்.

வீட்டுக்காரர்தான் முதலில் வந்தார். ஸ்கூட்டரை நிறுத்திவிட்டு, காச்சிகூடாவில் வண்டி வந்துவிட்டது, இந்நேரம் ஆட்டோ பிடித்திருப்பாள் என்றார். ஏன் இத்தனை லேட் என்று அம்மா கேட்டார். கிராஸிங் என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டு, கை கால் கழுவக் குழாயடிக்குப் போனார். நான் வாளியை நகர்த்திக் கொடுத்தேன். என்னைப் பார்க்காமல், முகத்தில் தண்ணீர் அடித்துக்கொண்டே பேசினார்.

“இவ வந்தது பாசஞ்சர், எதிர்ல ஒரு எக்ஸ்பிரஸ். ரெண்டுல ஒண்ணு ஒதுங்கணும். எக்ஸ்பிரஸ்ஸ ஒதுக்கியிருந்தா இவ நேரத்தோட வந்து சேந்திருப்பா. கையில போனு இருக்குது, ஒரு வார்த்த சொன்னா போதும்.” துண்டை எடுத்துக்கொண்டார். “சொல்லலப்பா. ஞாயமா எந்த வண்டி நிக்கணுமோ அதத்தான் நிறுத்தினேன். அது பாட்டுக்கு அந்தக் கோடு படுத்துனு கெடந்துது. பாத்துனே உக்காந்திருந்தேன்.”

நான் கற்பனை செய்து பார்த்தேன். ஓர் அறை, ஒரு தாள், அதில் ஓர் அங்குலம் படுத்துக் கிடக்கும் பென்சில் கோடு. அதற்குள் மகள். 

ஆட்டோ வந்து நின்றது. அவள் தலைமுடியெல்லாம் புழுதி. துப்பட்டாவில் சீத்தாப்பழங்களை மூட்டையாகக் கட்டியிருந்தாள். அம்மா அவள் கன்னம், தோள், கை என்று தொட்டுப் பார்த்தார். சாப்பிட்டாயா என்று கேட்டார். அவள் பதில் சொல்லாமல் அப்பாவைப் பார்த்தாள். அவர் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு, போய் வந்ததைச் சொல் என்கிற மாதிரி கையைக் காட்டினார்.

அவள் பேசத் தொடங்கினாள். தமிழும் தெலுங்கும் எது எதற்கு என்று தெரியாமல் வந்தன. கிருஷ்ணா பாலத்தில் எல்லோரும் காசு போட்டது, குழந்தையை மடியில் கொடுத்துவிட்டு ஒருத்தி தூங்கிப்போனது, எல்லாம் சொன்னாள். கத்வால் தாண்டி ஒரு சின்ன ஸ்டேஷனில் வண்டி நின்றதாம். நின்றது நின்றதுதானாம்.

“பக்கத்துல ஒரு அம்மா ஒரே திட்டு. எந்தக் கழுதை நிறுத்தினானோ, அவன் வீட்டுல சோறு வேகாதான்னு.”

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். என் பக்கம் திரும்பவே இல்லை.

“அப்புறம் எல்லாரும் எறங்கிட்டாங்கப்பா. கூடையில சீத்தாப்பழம் வந்துது. நானும் எறங்கினேன். பிளாட்ஃபார்ம் கடைசி வரைக்கும் நடந்தேன். யாரும் என்னைக் கேக்கல. நின்னு பாத்தேன், ரெண்டு பக்கமும் லைன் தவிர ஒண்ணுமே இல்ல. பயமா இருக்கும்னு நெனச்சேன். இல்லப்பா. அந்த எக்ஸ்பிரஸ் போச்சு, அவ்ளோ பெரிய காத்து. அது போனப்புறம் அவ்ளோ அமைதி. நான் அங்கயே இருந்திருப்பேன்.” அவள் முகம் அப்போது இருந்த மாதிரி அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

அவர் கண்ணாடியைத் திரும்பப் போட்டுக்கொண்டார். அந்த ஸ்டேஷனின் பெயரைச் சொல்லி, அதுவா என்று கேட்டார். அதுதான் என்றாள்.

“அங்க பிளாட்பாரத்துல மரம் இருக்குதா?”

“இருக்கே. ரெண்டு வேப்ப மரம், பெருசா. ஏம்ப்பா?”

“அந்த ஸ்டேஷன் மாஸ்டர் பேசும்போது பின்னாடி கிளி கத்தும். எத்தினியோ வருஷமா கேக்குறேன். மரம் இருக்குதுன்னு நெனச்சினு இருந்தேன்.”

“நீங்க பாத்ததில்லையாப்பா?”

“மீட்டர்கேஜு, சின்ன லைனா இருந்தப்ப ஒருவாட்டி இஞ்சின்ல போனேன். இருட்டு. ஒண்ணும் தெரியல.”

அவள் அவர் எதிரில் தரையில் உட்கார்ந்துகொண்டாள். அவர் கேட்டுக்கொண்டே போனார். கட்டடம் என்ன நிறம், பெஞ்சு கல்லா சிமென்ட்டா, லெவல் கிராஸிங் ஸ்டேஷனிலிருந்து தெரிகிறதா, கேட் திறக்கச் சொல்லி டிராக்டர்காரர்கள் சண்டை போடுவார்களே, அது எந்தப் பக்கத்து ரோடு. அவள் ஒவ்வொன்றாகச் சொன்னாள். தெரியாததைக் கவனிக்கவில்லை என்றாள், அடுத்த முறை பார்க்கிறேன் என்றாள். ஒரு நாளைக்கு எத்தனையோ வண்டிகளை அந்த வழியாக அனுப்புகிற மனிதர், அந்த வழி எப்படி இருக்கும் என்று மகளிடம் கேட்டுக்கொண்டிருந்தார். அவர் அதுவரை என்னைப் போலத்தான் இருந்திருக்கிறார் என்று தோன்றியது. அம்மா தட்டுகளை எடுத்து வைத்துவிட்டு, பழத்தைப் பிளந்தபடி கேட்டுக்கொண்டிருந்தார். மேகாலயா என்ற பேச்சை அன்றைக்கு யாரும் எடுக்கவில்லை. சாப்பிட்டுக் கை கழுவி வந்த அப்பா மட்டும், குவஹாத்தி வண்டிக்குச் சன்னல் பக்கம் கேட்டு வாங்கு, இல்லையென்றால் போயும் வீண் என்றார்.

நவம்பரில் நான்தான் அப்பாவையும் மகளையும் செகந்திராபாத் ஸ்டேஷனுக்குக் கொண்டுபோய் விட்டேன். அம்மா வரவில்லை. வண்டி கிளம்பி, கடைசிப் பெட்டியும் வளைவில் மறையும்வரை அவர் பிளாட்பாரத்தில் நின்றார். அதற்கு மேல் அது அவர் பாதை இல்லை. விஜயவாடா ஒருவர் கையில், விசாகப்பட்டினம் இன்னொருவர் கையில், அதற்கப்புறம் பெயர் தெரியாத எத்தனையோ பேர் கையில்.

வேனுக்கு வரும் வழியில் நான் கேட்டேன்.

“அங்கங்க உங்காளுங்க இருப்பாங்கல்லங்க சார். போன் போட்டா வண்டி எங்க போகுதுன்னு சொல்லிருவாங்க.”

“சொல்லுவாங்க,” என்றார். கொஞ்ச தூரம் நடந்த பிறகு சொன்னார். “கேக்கப் போறதில்ல. அவ வந்து சொல்லட்டும்.”